பென் டிரைவில் 23 ஐகான்கள்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை. அஸர் தொழுதுவிட்டு வீட்டுக்கு வந்தால் அண்ணன் மகன் திண்ணையில் உட்கார்ந்திருக்கிறான். கோயம்புத்தூரில் படிக்கிறவன், லீவுக்கு வந்திருந்தான். கையில் ஒரு பென் டிரைவ்.

"சின்னத்தா, அத்தாவோட கம்ப்யூட்டரை ஃபார்மேட் பண்ணணும்னு கடையில சொல்லிட்டாங்க. அதுல இருந்த கேம் எல்லாத்தையும் இதுல ஏத்திட்டேன். சரியா ஏறியிருக்கான்னு மட்டும் பாத்துச் சொல்லுங்க."

செருகிப் பார்த்தேன். வரிசையாக 23 ஐகான்கள். ஒவ்வொன்றுக்கும் கீழ்மூலையில் சின்னதாக ஒரு வளைந்த அம்புக்குறி. மொத்தத்தையும் தேர்ந்தெடுத்து அளவு பார்த்தால் 50 கேபி கூட வரவில்லை. ஒரு கல்யாணப் பத்திரிகையை போனில் போட்டோ எடுத்தாலே அதைவிட அதிகம் வரும்.

எஞ்சினியரிங் படிக்கிற பையன்தான். ஆனாலும் அவனைக் குறை சொல்ல மாட்டேன். போனில் வளர்ந்த தலைமுறைக்கு ஐகான்தான் செயலி. தொட்டால் திறக்கும், அழுத்திப் பிடித்தால் அழிந்துவிடும். அதற்குப் பின்னால் ஃபோல்டர், டிரைவ் என்று ஒரு உலகம் இருக்கிறது என்பதை அவர்களுக்கு யாரும் காட்டவில்லை. எனக்கும் உண்மையில் பாதிதான் தெரியும். அன்று சாயந்திரம் ஆரம்பித்து மறுநாள் வரைக்கும் தோண்டியதில் தெரிந்துகொண்டதைக் குறிப்பாக எழுதி வைக்கிறேன். இன்னொருவருக்கு ஆகும்.

முதலில், எதற்காக இவ்வளவு மெனக்கெட்டோம் என்று சொல்லிவிடுகிறேன். அண்ணன் இங்கே பேகம்பூரில்தான், ஒரு தோல் ஷாப்பில் கணக்கு எழுதிக்கொண்டிருந்தார். 2023 கடைசியில் தவறிவிட்டார். ராத்திரி சாப்பாடு முடிந்து ஒரு மணி நேரம் கம்ப்யூட்டர் முன்னால் உட்காருவார். வேறு பழக்கம் எதுவும் கிடையாது. 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2' என்ற விளையாட்டு. அது 1999-ல் வந்தது. அந்தக் காலத்தில் யாரோ கொடுத்த சிடியில் ஆரம்பித்தவர், 2019 நவம்பரில் அதைப் புதுப்பித்து 'டெஃபினிட்டிவ் எடிஷன்' என்று விட்டபோது காசு கொடுத்தே வாங்கினார். "இருவது வருஷம் ஓசில ஆடியாச்சு, இப்பவாவது குடுப்போம்" என்றார். 2022 ஏப்ரலில் அதற்கு 'டைனாஸ்டீஸ் ஆஃப் இந்தியா' என்று ஒரு கூடுதல் பகுதி வந்தது. அதில் திராவிடர்கள் ஒரு தனி நாகரிகம். சுருள்வாள் வீசும் வீரர்கள், திரிசடை என்று ஒரு போர்க்கப்பல், ராஜேந்திர சோழனை வைத்து ஒரு படையெடுப்புக் கதை எல்லாம் உண்டு. அதையும் வாங்கினார்.

இந்த விளையாட்டில் பாதியில் நிறுத்திச் சேமிக்கும்போது ஒரு பெயர் கேட்கும். நம்மில் பலரும் 1, 2, 3 என்று போட்டுவிட்டுப் போவோம். அண்ணன் அப்படியில்லை. தமிழை இங்கிலீஷ் எழுத்தில் அடித்து வைப்பார். 'யானை பத்தல'. 'கரண்டு போச்சு'. 'தம்பி ஊருக்கு போறான் நாளைக்கு பாப்போம்'. பையனுக்கு வேண்டியது அந்தப் பெயர்கள்தான். கடையில் கேட்டிருக்கிறார்கள், "டேட்டா ஏதும் வேணுமா?" என்று. டேட்டா என்றால் போட்டோ, டாக்குமெண்ட். விளையாட்டை யாரும் டேட்டாவில் சேர்ப்பதில்லை.

சரி, விஷயத்துக்கு வருவோம்.

ஐகான் என்பது விளையாட்டு இல்லை. "இன்ன இடத்தில் இன்ன வீடு" என்று எழுதிய துண்டுச்சீட்டு. சீட்டை எடுத்துக்கொண்டு போனால் வீடு கூட வராது. சாதாரண ஷார்ட்கட் என்றால் ரைட் கிளிக் செய்து 'ஓப்பன் ஃபைல் லொகேஷன்' கொடுத்தால் அது சுட்டும் இடத்துக்குக் கூட்டிக்கொண்டு போய்விடும். ஆனால் அண்ணனின் ஐகான்களில் முக்கால்வாசி ஸ்டீம் கடையில் வாங்கியவை. அவற்றில் அந்த வசதியே வராது. ப்ராப்பர்ட்டீஸில் பார்த்தால் ஃபோல்டர் முகவரிக்குப் பதிலாக இணைய முகவரி மாதிரி ஒரு வரி இருக்கும்: ஸ்டீம் என்ற சொல், 'ரன்கேம்ஐடி' என்ற சொல், கடைசியில் ஒரு எண். ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-க்கு அந்த எண் 813780. அதாவது அந்தச் சீட்டில் வீட்டு முகவரி கூட இல்லை. "ஸ்டீமைக் கேள், 813780-ஐத் திறக்கச் சொல்" என்று மட்டும்தான் எழுதியிருக்கிறது. ஸ்டீம் இல்லாத கம்ப்யூட்டரில் அது வெறும் படம்.

இங்கேதான் எனக்கே ஒரு விஷயம் தெளிவானது. "கேம் எங்கே இருக்கு?" என்று ஒரே கேள்வியாகக் கேட்கிறோம். உண்மையில் அது மூன்று கேள்வி. காசு கொடுத்து வாங்கிய உரிமை எங்கே இருக்கிறது? இறக்கி நிறுவிய கோப்புகள் எங்கே இருக்கின்றன? ஆடி ஆடிச் சேர்த்தது எங்கே இருக்கிறது? மூன்றும் மூன்று இடம். ஒன்று போனாலும் மற்றது இருக்கும். நாம் மூன்றையும் குழப்பிக்கொள்வதால்தான் தேவையில்லாததைப் பத்திரமாக எடுத்து வைத்துவிட்டு, வேண்டியதை ஃபார்மேட்டில் விட்டுவிடுகிறோம்.

எங்கள் காலத்தில் இந்தக் குழப்பம் கிடையாது. 'டேவ்' விளையாட்டு முழுவதும் ஒரு 1.44 எம்பி ஃப்ளாப்பியில் அடங்கிவிடும். 'ரோட் ராஷ்' ஃபோல்டரை அப்படியே காப்பி செய்தால் அடுத்த கம்ப்யூட்டரிலும் ஓடும். பிரவுசிங் சென்டரில் பாதிப் பிழைப்பே அதில்தான் நடந்தது. (திருட்டு சிடிதான், மறைக்க என்ன இருக்கிறது. ஒரிஜினல் பெட்டியை நான் கடையில் கண்ணால் பார்த்ததே காலேஜ் முடித்த பிறகுதான்.) ஃபோல்டர்தான் விளையாட்டு, அது யார் கையில் இருக்கிறதோ அவர்தான் சொந்தக்காரர். 2003 செப்டம்பரில் வால்வ் கம்பெனி ஸ்டீமைக் கொண்டுவந்த பிறகு இது மெல்ல மாறியது. இப்போது நீங்கள் வாங்குவது உங்கள் கணக்கில் ஒரு வரி. கோப்புகளை எத்தனை முறை வேண்டுமானாலும் அழித்து இறக்கிக்கொள்ளலாம்.

இரண்டாவது கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன், அதாவது கோப்புகள் எங்கே. கண்டுபிடிக்க எளிது என்பதால்.

கம்ப்யூட்டரில் என்ன இருக்கிறது என்றே தெரியாவிட்டால் விண்டோஸ் செட்டிங்ஸில் 'ஆப்ஸ்', அதற்குள் 'இன்ஸ்டால்டு ஆப்ஸ்' போங்கள். அளவு வாரியாக அடுக்கச் சொன்னால் பெரும்பாலும் விளையாட்டுகள் மேலே வந்து நிற்கும். அங்கே அளவு காட்டாத சிலதும் உண்டு. அதற்கு 'வின்டர்ஸ்டாட்' என்று ஒரு இலவச மென்பொருள் இருக்கிறது. எந்த ஃபோல்டர் எவ்வளவு இடம் அடைக்கிறது என்று டிரைவ் முழுவதையும் வண்ணக் கட்டங்களாக வரைந்து காட்டும். பெரிய கட்டத்தைத் தொட்டால் ஃபோல்டர் பெயர் தெரிந்துவிடும். அண்ணன் கம்ப்யூட்டரில் அப்படித்தான் டி டிரைவில் ஒரு பெரிய கட்டம் மாட்டியது. அதை அவனுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

ஸ்டீம் என்றால் வழக்கமான இடம் சி டிரைவில் 'புரோகிராம் ஃபைல்ஸ் எக்ஸ்86' ஃபோல்டர், அதற்குள் 'ஸ்டீம்', அதற்குள் 'ஸ்டீம்ஆப்ஸ்', அதற்குள் 'காமன்'. (இவையெல்லாம் திரையில் ஆங்கிலத்தில் இருக்கும். வாசிக்க வசதியாக நான் தமிழ் எழுத்தில் தருகிறேன்.) ஒவ்வொரு விளையாட்டுக்கும் காமனுக்குள் ஒரு ஃபோல்டர். ஆனால் பெயரை நம்பித் தேடக் கூடாது. ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-ன் ஃபோல்டர் பெயர் வெறும் முதலெழுத்துகளாக 'ஏஓஇ2டிஇ' என்றுதான் இருக்கும். முழுப் பெயரை அடித்துத் தேடிய பையனுக்கு எதுவும் கிடைக்காததில் ஆச்சரியமில்லை.

தேடவே வேண்டாம் என்றால், ஸ்டீமைத் திறந்து லைப்ரரியில் விளையாட்டின் பெயர் மேல் ரைட் கிளிக், 'மேனேஜ்', 'பிரவுஸ் லோக்கல் ஃபைல்ஸ்'. நேராக அந்த ஃபோல்டரே திறக்கும். ஸ்டீம் செட்டிங்ஸில் 'ஸ்டோரேஜ்' என்ற பக்கத்துக்குப் போனால் எந்த டிரைவில் எந்த விளையாட்டு எவ்வளவு இடம் என்று மொத்தமாகப் பட்டியல் வரும். டி டிரைவில் வைத்திருந்தால் அங்கே 'ஸ்டீம்லைப்ரரி' என்று ஒரு ஃபோல்டர் இருக்கும். அண்ணனுடையது அதுதான்.

ஸ்டீமே திறக்கவில்லை, விண்டோஸ் தடுமாறுகிறது என்றால்? எங்களுக்கும் அதுதான் நிலைமை. அப்போது ஸ்டீம்ஆப்ஸ் ஃபோல்டரில் 'ஆப்மேனிஃபெஸ்ட்' என்று தொடங்கி, விளையாட்டின் எண்ணோடு முடியும் சின்னச் சின்னக் கோப்புகளைப் பாருங்கள். நிறுவிய ஒவ்வொரு விளையாட்டுக்கும் ஒன்று. நோட்பேடில் திறந்தால் சாதாரண எழுத்துதான். உள்ளே விளையாட்டின் முழுப் பெயர், ஃபோல்டர் பெயர், அளவு மூன்றும் இருக்கும். ஊர்க் கணக்குப்பிள்ளை நோட்டு மாதிரி. இதையும் அந்த ஃபோல்டரையும் சேர்த்து வெளி டிரைவில் காப்பி எடுத்துக்கொண்டால், ஃபார்மேட்டுக்குப் பிறகு ஸ்டீமை நிறுவி, அதே இடங்களில் திரும்ப வைத்தால் போதும். ஸ்டீம் சரிபார்த்துவிட்டு, குறைவதை மட்டும் இறக்கிக்கொள்ளும். 50 ஜிபி திரும்ப இறக்க வேண்டியதில்லை. தினம் 2 ஜிபி கணக்கில் போன் டேட்டாவை வைத்து ஓட்டுகிற வீட்டில் இது சின்ன விஷயமில்லை.

மற்ற கடைகளைச் சுருக்கமாகச் சொல்கிறேன். எபிக் கடை 2018 டிசம்பரில் வந்தது. வாராவாரம் இலவசமாகக் கொடுப்பதால் நம் பையன்கள் எல்லாரிடமும் ஒரு கணக்கு இருக்கும். அதன் விளையாட்டுகள் வழக்கமாக 'புரோகிராம் ஃபைல்ஸ்' ஃபோல்டரில் 'எபிக் கேம்ஸ்' என்ற பெயரில். எக்ஸ்பாக்ஸ் செயலி வழியாக இறக்கியது இப்போது 'எக்ஸ்பாக்ஸ்கேம்ஸ்' ஃபோல்டரில் இருக்கும். முன்பெல்லாம் 'விண்டோஸ்ஆப்ஸ்' என்ற ஃபோல்டரில் பூட்டி வைத்திருந்தார்கள், கம்ப்யூட்டரின் சொந்தக்காரர் போனாலும் அனுமதி இல்லை என்று திருப்பி அனுப்பும்.

இதில் 'கேம் பாஸ்' என்று ஒன்று உண்டு. மாதச் சந்தா. இது வாங்கியது இல்லை, வாடகை. மதினி கூட இதில் ஒன்று ஆடியிருக்கிறார் என்பது எனக்கு அன்றைக்குத்தான் தெரியும். 'வெண்பா'. 2023 ஜூலை 31-ல் வந்தது. கனடாவின் டொரண்டோவில் விசை கேம்ஸ் என்ற சின்னக் குழு செய்தது. 1980-களில் கனடாவுக்குக் குடிபோன ஒரு தமிழ்க் குடும்பம், கிழிந்தும் அழிந்தும் போன அம்மாவின் சமையல் நோட்டு, அதை வைத்துக்கொண்டு இட்லி அவிக்க வேண்டும். 2024-ல் முதல் படைப்புக்கான பாஃப்டா விருது வாங்கியது. "இட்லித்தட்டை மாத்தி வெச்சா வேகாதுன்னு கம்ப்யூட்டர் எனக்குச் சொல்லிக் குடுக்குது" என்று சிரித்தார் மதினி. சந்தா நின்றுவிட்டால் இந்த வகை விளையாட்டுகளின் கோப்புகள் டிரைவில் அப்படியே கிடக்கும், ஆனால் திறக்காது. அதை மெனக்கெட்டு பேக்கப் எடுப்பதில் பயனில்லை.

இனி முதல் கேள்வி. என்னென்ன வாங்கியிருக்கிறோம்?

இதற்கு கம்ப்யூட்டரில் தேடவே கூடாது. ஸ்டீம் லைப்ரரியில் வெள்ளையாகத் தெரிவது நிறுவியது, மங்கலாகத் தெரிவது வாங்கியிருந்தும் நிறுவாதது. பட்டியலில் 'நிறுவியவை மட்டும்' என்ற வடிகட்டி போட்டு வைத்திருந்தால் மற்றதெல்லாம் மறைந்துபோய், வாங்கியதே காணோம் என்று பதறுவோம். முதலில் அதை எடுத்துவிட்டுப் பாருங்கள். 'வியூ' மெனுவில் 'ஹிட்டன் கேம்ஸ்' என்று இன்னொன்று இருக்கிறது, நாமே எப்போதோ ஒளித்து வைத்தவை அங்கே இருக்கும். அதிலும் இல்லை என்றால் கணக்கு விவரங்கள் பக்கத்தில் வாங்கிய வரலாறும் உரிமங்களின் பட்டியலும் தேதியோடு இருக்கும்.

அதிலும் இல்லையா? அப்படியானால் பெரும்பாலும் வேறு கணக்கில் வாங்கியிருப்பீர்கள். நம்மிடம் பழைய மின்னஞ்சல், புது மின்னஞ்சல், பாஸ்வேர்டு மறந்த மின்னஞ்சல் என்று ஏழெட்டு இருக்கும். ஒவ்வொன்றிலும் கடைப் பெயரையும் 'பர்சேஸ்' என்ற சொல்லையும் போட்டுத் தேடினால் ரசீது சிக்கும். ஸ்டீமில் ரூபாய் விலை வந்ததே 2015 நவம்பரில்தான். அதற்கு முன்னால் வாங்கியது என்றால் டாலரில் இருக்கும். வங்கிக் கணக்கில் தேடுகிறவர்கள் இதை நினைவில் வையுங்கள்.

ஃபார்மேட்டுக்கு முன்னால் செய்ய வேண்டிய முக்கியமான வேலை ஒன்று இங்கே உண்டு. கம்ப்யூட்டர் பாஸ்வேர்டை நினைவில் வைத்துக்கொண்டு தானாகவே உள்ளே போய்க்கொண்டிருக்கும். ஃபார்மேட் செய்த மறுநிமிடம் அது பாஸ்வேர்டு கேட்கும். கூடவே மின்னஞ்சலுக்கோ போனுக்கோ வரும் குறியீட்டையும் கேட்கும். அந்த மின்னஞ்சல் இப்போதும் திறக்கிறதா, அந்த போன் வேலை செய்கிறதா என்று பார்த்துவிட்டு அப்புறம் கடைக்குத் தூக்குங்கள்.

இன்னொன்று. வீட்டுப் பழைய கம்ப்யூட்டர் விண்டோஸ் 7 என்றால், 2024 ஜனவரி 1-லிருந்து ஸ்டீம் அதற்கு ஆதரவை நிறுத்திவிட்டது. ஓடிக்கொண்டிருந்ததை ஃபார்மேட் செய்து திரும்ப விண்டோஸ் 7-ஐயே போடச் சொன்னால், வாங்கியது எல்லாம் கணக்கில் இருக்கும், அந்த மெஷினில் ஆட முடியாது. கடைக்காரரிடம் எந்த விண்டோஸ் போடப் போகிறார் என்று கேட்டுவிடுங்கள்.

வாங்கியது என்கிறேன், அந்தச் சொல்லே கொஞ்சம் இடிக்கிறது.

எங்கள் ஊர் பூட்டுக்குப் பேர் போன ஊர். திண்டுக்கல் பூட்டுக்கு 2019-ல் புவிசார் குறியீடும் கொடுத்திருக்கிறார்கள். மாங்காய்ப் பூட்டு ஒன்று வாங்கினால் பூட்டும் சாவியும் சேர்த்து உங்கள் கையில் கொடுப்பார்கள். இந்த வியாபாரத்தில் பூட்டு உங்கள் வீட்டில், சாவி அவர்கள் வீட்டில். தட்டினால் திறந்துவிடுகிறார்கள், அவ்வளவுதான். 2009-ல் அமேசான், உரிமை இல்லாதவர் விற்றது என்று சொல்லி, ஜார்ஜ் ஆர்வெலின் '1984' நாவலை வாங்கியவர்களின் கிண்டிலிலிருந்து அழித்துவிட்டுக் காசைத் திருப்பிக் கொடுத்தது. எந்தப் புத்தகத்தை அழித்தார்கள் பாருங்கள்! யுபிசாஃப்ட் 2014-ல் விற்ற 'தி க்ரூ' என்ற கார் பந்தய விளையாட்டின் சர்வரை 2024 மார்ச் 31-ல் நிறுத்தியது. தனியாக ஆடுகிறவருக்கும் சர்வர் வேண்டும் என்ற அமைப்பு அது. காசு கொடுத்த யாரும் அதன் பிறகு ஆட முடியவில்லை. இதை எதிர்த்து ஐரோப்பாவில் கிளம்பிய மனுவில் 2025-க்குள் 10 லட்சம் பேருக்கு மேல் கையெழுத்துப் போட்டார்கள். கலிஃபோர்னியாவில் ஒரு சட்டமே வந்தது. 2025 ஜனவரி 1-லிருந்து, 'வாங்கு' என்று பொத்தான் வைத்து விற்கிறவர்கள் இது உரிமம் மட்டுமே என்று தெளிவாகச் சொல்ல வேண்டும். ஸ்டீமும் பணம் கட்டும் இடத்தில் அப்படி ஒரு வரி போட்டுவிட்டது.

விதிவிலக்கு இருக்கிறது. போலந்துக்காரர்களின் 'ஜிஓஜி' கடை, 2008-ல் தொடங்கியது. அங்கே வாங்கினால் நிறுவும் கோப்பையே இறக்கி டிரைவில் வைத்துக்கொள்ளலாம், யாரிடமும் அனுமதி கேட்காது. என்னைக் கேட்டால், ஒரே விளையாட்டு இரண்டு கடையிலும் கிடைத்தால் இங்கே வாங்குங்கள் என்பேன்.

அண்ணன் விஷயத்தில் இது வெறும் வாதமாக இல்லை. எங்களில் ஒருவர் தவறிவிட்டால் மனைவிக்கு எட்டில் ஒரு பங்கு, மீதியில் மகனுக்கு இரண்டு பங்கு என்றால் மகளுக்கு ஒன்று என்று கணக்கு உண்டு. வீடு, பேங்கில் இருந்த காசு, டிவிஎஸ் வண்டி வரைக்கும் அப்படித்தான் பிரித்தோம். ஸ்டீம் கணக்கில் இருந்த 18 விளையாட்டுகளை எந்தக் கணக்கிலும் சேர்க்க முடியவில்லை. கணக்கை விற்கவோ இன்னொருவருக்கு மாற்றவோ கூடாது என்று அதன் ஒப்பந்தத்திலேயே இருக்கிறது. உயிரோடு இருக்கும்போது குடும்பத்துக்குள் பகிர்ந்துகொள்ள 2024-ல் 'ஸ்டீம் ஃபேமிலீஸ்' வசதி வந்தது, ஆறு பேர் வரை சேரலாம். அண்ணன் போன பிறகு வந்தது அது.

ஆகவே மூன்றாவது கேள்விக்கு வந்தோம். பையனுக்கு உண்மையில் வேண்டியது இதுதானே.

ஆடிச் சேர்த்தது எங்கே இருக்கும் என்பதற்கு ஒரே பதில் இல்லை, அதுதான் தொல்லை. விளையாட்டு ஃபோல்டரில் பெரும்பாலும் இருக்காது. 'டாக்குமெண்ட்ஸ்' ஃபோல்டரில் 'மை கேம்ஸ்' என்று இருக்கலாம். பயனர் ஃபோல்டரில் 'சேவ்டு கேம்ஸ்' என்று இருக்கலாம். 'ஆப்டேட்டா' என்ற மறைந்த ஃபோல்டரில் இருக்கலாம். அதற்குள்ளும் 'லோக்கல்', 'லோக்கல்லோ', 'ரோமிங்' என்று மூன்று அறை. ஃபைல் எக்ஸ்ப்ளோரரில் 'வியூ' மெனுவுக்குப் போய் மறைந்தவற்றையும் காட்டச் சொன்னால்தான் அது கண்ணுக்கே தெரியும். ஸ்டீம் ஃபோல்டருக்குள் 'யூசர்டேட்டா'விலும் சில விளையாட்டுகள் போட்டு வைக்கும். எது எங்கே என்று ஒவ்வொரு விளையாட்டுக்கும் எழுதி வைத்திருக்கும் தளம் 'பிசிகேமிங்விக்கி'. விளையாட்டின் பெயரைப் போட்டு, சேமிப்பு இருக்கும் இடத்தைப் பார்த்துக்கொள்ளலாம். எனக்கு அன்றைக்குக் கை கொடுத்தது அதுதான்.

கிளவுடில் இருக்குமே என்பீர்கள். சில விளையாட்டுகளுக்கு இருக்கும், சிலதுக்கு இருக்காது. இருப்பதிலும் எல்லாம் ஏறும் என்று உறுதியில்லை. விளையாட்டின் ப்ராப்பர்ட்டீஸில் கிளவுட் பற்றிய வரி இருக்கிறதா என்று பாருங்கள், இருந்தாலும் நம்பாமல் ஒரு காப்பி எடுத்துவிடுங்கள். கவனித்தீர்களா, இந்தச் சேமிப்பெல்லாம் சி டிரைவில்தான். விளையாட்டை டி டிரைவில் வைத்திருந்தாலும் இது சி-யில்தான் இருக்கும். "சி-யை மட்டும்தான் அழிப்போம், டி-யில இருக்கறதுக்கு ஒண்ணும் ஆகாது" என்று கடையில் சொன்னது பொய்யில்லை. திரும்ப இறக்கிக்கொள்ளக் கூடிய 50 ஜிபி பத்திரமாக இருந்திருக்கும். திரும்பக் கிடைக்கவே கிடைக்காத சில எம்பி போயிருக்கும்.

ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2-ன் புதுப் பதிப்புக்கு இடம் இது: சி டிரைவ், 'யூசர்ஸ்', பயனர் பெயர், 'கேம்ஸ்', 'ஏஜ் ஆஃப் எம்பயர்ஸ் 2 டிஇ', அதற்குள் 7656 என்று தொடங்கும் 17 இலக்க எண்ணில் ஒரு ஃபோல்டர், அதற்குள் 'சேவ்கேம்'. அந்த நீள எண் ஆடுகிறவரின் ஸ்டீம் அடையாள எண். ஒரே கம்ப்யூட்டரில் இரண்டு பேர் ஆடினால் இரண்டு எண் ஃபோல்டர் இருக்கும்.

எங்கள் கம்ப்யூட்டரில் இரண்டு இருந்தது. ஒன்று பையனுடையது, பள்ளிக்கூட நாளில் எப்போதோ ஒருமுறை அவன் கணக்கில் திறந்து பார்த்தது, காலி. இன்னொன்றைத் திறந்தோம். 61 கோப்புகள். தேதி வாரியாக அடுக்கினேன். மேலே 'யானை பத்தல 2'. அவன் ஒவ்வொன்றாக வாசித்துக்கொண்டே போனான். நடுவில் 'சுகர் டெஸ்ட் நாளைக்கு' என்று ஒன்று இருந்தது, அங்கே கொஞ்ச நேரம் நின்றான். மதினி அடுப்படியிலிருந்து வந்து பார்த்துவிட்டு, "அந்த டெஸ்டுக்கு அவர் போகவே இல்ல" என்றார்.

61-ஐயும் பென் டிரைவில் ஒரு காப்பி, என் லேப்டாப்பில் ஒரு காப்பி எடுத்தோம். மொத்தம் ஒரு சினிமாப் பாட்டு வீடியோ அளவு கூட இல்லை. மறுநாள் கம்ப்யூட்டர் கடைக்குப் போனது, மூன்றாம் நாள் சுத்தமாகத் திரும்பி வந்தது.

பையன் தன் கணக்கிலேயே விளையாட்டை வாங்கினான், கூடுதல் பகுதியையும் சேர்த்து. ஏற்கெனவே காசு கொடுத்த பொருளுக்கு வீட்டில் இரண்டாம் முறை. ஒருமுறை திறந்து மூடியதும் அவனுடைய எண்ணில் புதிதாக ஒரு ஃபோல்டர் உருவானது. அத்தாவின் எண் ஃபோல்டரில் இருந்த சேமிப்புகளை அதன் 'சேவ்கேம்' ஃபோல்டரில் ஒட்டினோம். விளையாட்டைத் திறந்து பட்டியலுக்குப் போனால், பெயர்கள் எல்லாம் அதே வரிசையில் இருந்தன. (பழைய பதிப்பில் சேமித்தது புதிய பதிப்பில் திறக்காமல் போவதும் உண்டு. பல விளையாட்டுகளில் இந்தச் சிக்கல் இருக்கிறது, அதனால் நாள் கடத்தாமல் சோதித்துவிடுவது நல்லது.) 'யானை பத்தல 2' திறந்தது. ராஜேந்திரன் படை ஆற்றங்கரையில் நின்றிருந்தது. யானை நிஜமாகவே பத்தவில்லை, மூன்றுதான் இருந்தது. அவன் எதையும் நகர்த்தாமல் பாஸ் போட்டுவிட்டு வெளியே வந்தான்.

பென் டிரைவை அவனிடம் கொடுக்கும்போது, அந்த 23 ஐகானும் இன்னும் அதில்தான் கிடந்தது. "இத அழிச்சிரவா? சும்மாதான் கெடக்கு" என்றேன்.

"இருக்கட்டும் சின்னத்தா" என்றான்.